காவிரிக் கடைமடையில் இரு சபைகள்: ஒரு பிரிவினையின் வரலாறும் நமக்கான படிப்பினையும்



தரங்கம்பாடியிலிருந்து வேளாங்கண்ணி வரை செல்லும் கடற்கரைச் சாலை ஏறத்தாழ 50 கிலோமீட்டர் நீளமுடையது. காவிரியின் கிளையாறுகள் வயல்களுக்கு நீர் கொடுத்துக் களைத்து ஒவ்வொன்றாகக் கடலில் சேரும் கடைமடைப் பகுதி அது. வடமுனையில் தரங்கம்பாடி, டென்மார்க்கு நாட்டவரின் கோட்டையும் லுத்தரன் தேவாலயமும் அங்கே நிற்கின்றன. அடுத்தது காரைக்கால், கத்தோலிக்க நாட்டவரான பிரெஞ்சுக்காரர் 1739இல் பெற்று ஆண்ட ஊர். அதன் தெற்கே நாகூர். ஷாஹுல் ஹமீது வலியுல்லாஹ் அடங்கியுள்ள தர்காவின் மினாராக்களில் மிக உயர்ந்தது 131 அடி. அதைக் கட்டிக் கொடுத்தவர் தஞ்சை மராத்திய மன்னர் பிரதாப்சிங். நாகூரை அடுத்து நாகப்பட்டினம். முதலில் கத்தோலிக்கரான போர்த்துக்கீசியர் கையிலும், பிறகு புராட்டஸ்டன்டுகளான டச்சுக்காரர் கையிலும் இருந்த துறைமுகம். முடிவில் வேளாங்கண்ணி மாதா கோயில்.

நாகூருக்கும் காரைக்காலுக்கும் உறவினர் வீட்டுத் திருமணங்களுக்காக இச்சாலையில் சென்று வரும் நம் குடும்பங்கள் எத்தனையோ. ஈஸா நபி (அலை) அவர்களைப் பின்பற்றுவதாகச் சொல்லும் ஒரே வேதத்தார் ஏன் இத்தனை கோயில்களாகவும் கொடிகளாகவும் பிரிந்து நின்றார்கள் என்று நாம் கேட்டுப் பார்த்ததில்லை. மற்றொரு சமுதாயத்தின் பிணக்கை எடுத்துக்காட்டி மகிழ்வது நம் நோக்கமன்று. அந்தப் பிணக்கு எப்படி வளர்ந்தது, யார் அதில் தீர்ப்புச் சொன்னார்கள், எது மாறாமல் எஞ்சி நின்றது என்பவற்றை அறிந்தால் நம் வீட்டுக் கதவையும் ஒருமுறை சரிபார்த்துக் கொள்ளலாம். அதற்காகவே இக்கட்டுரை.

ஐரோப்பாவில் மூண்ட தீ

1517இல் மார்ட்டின் லுத்தர் என்ற ஜெர்மானியத் துறவி ரோமாபுரிச் சபையின் நடைமுறைகளை எதிர்த்துக் குரல் எழுப்பினார். பாவமன்னிப்புச் சீட்டுகளைப் பணத்துக்கு விற்பதில் தொடங்கிய விவாதம் சில ஆண்டுகளில் சபையையே பிளந்தது. ரோமாபுரியின் தலைமையை ஏற்றவர்கள் கத்தோலிக்கர். அதை மறுத்தவர்கள் புராட்டஸ்டன்டுகள். மறுத்தவர்களுக்குள்ளும் லுத்தரன், கால்வினியச் சீர்திருத்தச் சபை, ஆங்கிலிக்கன் எனப் பல கிளைகள் தோன்றின.

அரசர்கள் அதில் நுழைந்ததும் விவாதம் போராயிற்று. 1555இல் ஜெர்மனியின் ஆக்ஸ்பர்க் நகரில் எட்டப்பட்ட உடன்பாடு, எந்த நாட்டை எந்த அரசன் ஆளுகிறானோ அவன் சபையே அந்நாட்டுச் சபை என்று வகுத்தது. குடிகள் தம் மனச்சான்றைக் கேட்டு அமைவதற்குப் பதிலாக, அரண்மனை வாசலைப் பார்த்து அமைய வேண்டிய நிலை வந்தது. அந்த உடன்பாடும் நிலைக்கவில்லை. 1618 முதல் 1648 வரை முப்பது ஆண்டுகள் நடந்த போரில் பல இலட்சம் மக்கள் வாளாலும் பஞ்சத்தாலும் நோயாலும் மாண்டனர்.

அந்தப் போர் தொடங்கிய இரண்டாம் ஆண்டில், 1620இல், தஞ்சை நாயக்க மன்னர் இரகுநாதருடன் டென்மார்க்கு நாட்டவர் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டு தரங்கம்பாடியில் கோட்டை கட்டினர். டென்மார்க்கு லுத்தரன் நாடு. போர்த்துக்கீசியர் அதற்கு முன்பே நாகப்பட்டினத்தில் கத்தோலிக்கச் சபையுடன் வேரூன்றியிருந்தனர். ஐரோப்பாவின் பிளவு மிளகு, துணி, அரிசி வணிகத்துக்காக வந்த கப்பல்களில் ஏறி நம் கடைமடைக்கு வந்து சேர்ந்தது இவ்வாறுதான்.

கொடி மாறியபோது

1658இல் டச்சுக்காரர் யாழ்ப்பாணத்தையும் நாகப்பட்டினத்தையும் போர்த்துக்கீசியரிடமிருந்து கைப்பற்றினர். ஒரே ஆண்டில் கடலின் இருகரையிலும் கொடி மாறியது. கொடியோடு ஆட்சியின் சபையும் மாறியது. 1690 முதல் சோழமண்டலக் கரையில் டச்சுக்காரரின் தலைமையிடமாகவே நாகப்பட்டினம் விளங்கியது.

கொடி மாறினால் குடிகளுக்கு என்ன நேரும் என்பதை அக்கரையில் தெளிவாகக் காணலாம். டச்சு ஆட்சிக்குட்பட்ட இலங்கைப் பகுதிகளில் கத்தோலிக்கக் குருமாருக்கு அடைக்கலம் கொடுப்பது மரண தண்டனைக்குரிய குற்றமாக அறிவிக்கப்பட்டது. பிறப்பும் திருமணமும் ‘தோம்பு’ எனப்பட்ட பதிவேட்டில் ஏற வேண்டும். ஏற்றுபவர் டச்சுச் சபையின் பள்ளி ஆசிரியர். பதிவேட்டில் பெயர் இல்லாதவரின் திருமணமும் வாரிசுரிமையும் ஐயத்துக்குரியவை ஆயின. ஆகவே மக்கள் பதிவேட்டுக்காகப் புராட்டஸ்டன்டுகளாயினர். வீட்டுக்குள் கத்தோலிக்கராகவே செபித்தனர். 1796இல் டச்சு ஆட்சி முடிந்து, 1806இல் ஆங்கில அரசு கத்தோலிக்கர் மீதிருந்த தடைகளை நீக்கியபோது, ஏடுகளில் இருந்த அந்தப் பெருங்கூட்டம் டச்சுச் சபையிலிருந்து கரைந்து போயிற்று. கட்டாயத்தால் சேர்த்த கூட்டம் கட்டாயம் நீங்கியதும் நிற்கவில்லை.

இதில் நமக்கு நெருக்கமான ஒரு செய்தியும் உண்டு. கத்தோலிக்கப் போர்த்துக்கீசியர் தம் ஆட்சிப்பகுதியிலிருந்து முஸ்லிம்களை விரட்டியபோது, 1626இல் கண்டியின் பௌத்த மன்னர் செனரத் அவர்களை ஏற்று மட்டக்களப்புப் பகுதியில் குடியமர்த்தினார் என்பது இலங்கை வரலாறு. இரண்டு தலைமுறைகளுக்குப் பின் புராட்டஸ்டன்டு டச்சுக்காரரால் வேட்டையாடப்பட்ட கத்தோலிக்கருக்கு அதே கண்டி அடைக்கலம் ஆயிற்று. கோவாவிலிருந்து 1687இல் மாறுவேடத்தில் யாழ்ப்பாணம் வந்த யோசேப்பு வாஸ் அடிகள் பின்னர் கண்டி அரசனின் நாட்டில் இருந்துகொண்டே தம் மக்களுக்குப் பணி செய்தார். விரட்டியவரின் சபையினரே பின்னொரு நாள் விரட்டப்பட்டு, முன்பு தாம் விரட்டியவர்கள் தட்டிய அதே கதவைத் தட்டினர்.

தரங்கம்பாடியில் ஒரு விதவையின் வழக்கு

மீண்டும் நம் கரைக்கு வருவோம். 1706 ஜூலை 9 அன்று டென்மார்க்கு மன்னர் நான்காம் பிரெடரிக் அனுப்பிய சீகன்பால்கு, புளூட்சோ என்ற இரு லுத்தரன் பாதிரிமார் தரங்கம்பாடியில் வந்திறங்கினர். இந்தியாவுக்கு வந்த முதல் புராட்டஸ்டன்டு மிஷனரிகள் இவர்களே. சீகன்பால்கு மிக விரைவில் தமிழ் கற்றார். இந்து அறிஞர்களோடும் நம் முன்னோர்களான முஸ்லிம்களோடும் அமர்ந்து உரையாடி அவற்றை எழுதியும் வைத்தார்.

லுத்தரன் மன்னர் அனுப்பிய பாதிரியாருக்கு லுத்தரன் கோட்டையில் வரவேற்புக் கிடைத்திருக்க வேண்டும். நடந்தது வேறு. தரங்கம்பாடியில் கத்தோலிக்கர் முன்பே இருந்தனர். அவர்களுக்கெனத் தேவாலயமும் இருந்தது. டேனியக் கம்பெனி அவர்களை வேலைக்கும் வைத்திருந்தது. வணிகருக்கு வேண்டியது வணிகம். சபைச் சண்டை வணிகத்துக்கு இடையூறு.

1708இல் தரங்கம்பாடியில் ஒரு நாவிதர் இறந்தார். அவருக்கும் கம்பெனியின் மொழிபெயர்ப்பாளராக இருந்த ஒரு கத்தோலிக்கருக்கும் இடையே ஒரு கடன் விவகாரம் தீராமல் இருந்தது. நாவிதரின் விதவைக்காகச் சீகன்பால்கு மீண்டும் மீண்டும் பரிந்து பேசினார். கோட்டைத் தளபதி ஹாசியஸ் இதைத் தம் அதிகாரத்தில் தலையிடுவதாகக் கருதி அவரை வரச் சொன்னார். எழுத்தில் அழைப்பாணை வேண்டும் என்றார் சீகன்பால்கு. அவரைக் கைது செய்து சிறையில் வைத்தனர். நான்கு மாதங்கள் அவர் அங்கே இருந்தார். லுத்தரன் தளபதியே லுத்தரன் பாதிரியாரைச் சிறையிட்டார்.

அக்காலத்தில் மற்றொரு பிணக்கும் எழுந்தது. டேனியப் படைவீரன் ஒருவனுக்கும் கிறிஸ்தவரல்லாத ஒரு பெண்ணுக்கும் மணவுறவின்றிப் பிறந்த குழந்தைக்கு ஞானஸ்நானம் கொடுப்பது எந்தச் சபை என்பதே கேள்வி. இதுபோன்ற முந்தைய வழக்கொன்றில் கத்தோலிக்கர் ஞானஸ்நானம் கொடுக்கலாம் என்று கோட்டை நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது. ஒரு பச்சிளங்குழந்தை யாருடைய கணக்கில் சேர வேண்டும் என்று இரு சபையாரும் வாதாட, தீர்ப்புச் சொன்னது வணிகக் கம்பெனி. சமயத்தார் தமக்குள் முடிவு காண இயலாதபோது சமயத்தோடு தொடர்பில்லாதவர் நாற்காலியில் அமர்கிறார் என்பதற்கு இது முதல் சாட்சி.

அச்சும் ஓலையும்

தஞ்சை நாட்டின் உட்பகுதி மராத்திய மன்னர்களின் ஆட்சியில் இருந்தது. அவர்கள் எச்சபையையும் சேராதவர்கள். ஷாஜி மன்னர் காலத்தில், 1701இல், கத்தோலிக்கர் கடும் அடக்குமுறைக்கு ஆளாகினர். ஐரோப்பியப் பாதிரிமார் தம் விருப்பம்போல் தஞ்சைக்குள் நுழைய முடியாத நிலை நெடுங்காலம் நீடித்தது. ஆகவே உட்பகுதியில் சபைப் பணியையும் சபைச் சண்டையையும் சுமந்தவர்கள் தமிழர்களான உபதேசியார்கள்.

அவர்களுள் ஒருவர் ராஜநாயக்கன். கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்து, தஞ்சை அரசின் படையில் பணியாற்றியவர். தரங்கம்பாடியில் அச்சான தமிழ் வேதநூல் ஒன்று அவர் கையில் கிடைத்தது. சீகன்பால்கு மொழிபெயர்த்த புதிய ஏற்பாடு 1714, 1715ஆம் ஆண்டுகளில் அச்சேறியிருந்தது. அதைப் படித்த ராஜநாயக்கன் லுத்தரன் சபைக்கு வந்தார். பிறகு தஞ்சைப் பகுதியில் அச்சபையின் உபதேசியாராகப் பணி செய்தார். கத்தோலிக்கத் தரப்பின் கடும் எதிர்ப்பை அவர் வாழ்நாள் முழுவதும் சந்திக்க நேர்ந்தது.

எதிர்ப்பின் அறிவுப் பக்கத்தை எடுத்து நடத்தியவர் நம் பாடநூல்களில் எல்லாரும் அறிந்த வீரமாமுனிவர். இத்தாலியில் 1680இல் பிறந்த பெஸ்கி பாதிரியார்தான் அவர். கொள்ளிடத்தின் வடகரையில் உள்ள ஏலாக்குறிச்சியில் தங்கிப் பணியாற்றினார். தேம்பாவணி பாடியவர், 1732இல் சதுரகராதி தொகுத்தவர் என்றே நாம் அவரை அறிவோம். லுத்தரன்களை மறுத்து வேதவிளக்கம், பேதகமறுத்தல், லுத்தேரினத்தியல்பு ஆகிய நூல்களையும் அவர் எழுதினார் என்பது பலருக்குத் தெரியாது. அவற்றின் தலைப்புகளே அக்காலச் சூட்டைச் சொல்லும்.

தமிழில் அச்சு நூலை முதலில் கொண்டு வந்தவர்கள் கத்தோலிக்கர். தம்பிரான் வணக்கம் 1578இல் கொல்லத்தில் அச்சாயிற்று. ஆனால் 18ஆம் நூற்றாண்டில் காவிரிக் கரையில் அச்சகம் லுத்தரன்களிடம் இருந்தது. அவர்கள் அச்சடித்துப் பரப்பினர். வீரமாமுனிவர் எழுதியவை ஓலையில் படியெடுக்கப்பட்டுக் கைமாறின. சாதாரண மக்களுக்குப் புரிய வேண்டும் என்பதற்காக இருதரப்பாரும் உரைநடையில் எழுதினர். தமிழ் உரைநடை வளர்ந்த வரலாற்றில் இந்தச் சபைச் சண்டைக்கும் ஓர் இடமுண்டு. அந்தச் சண்டை கத்தியிலே முடிந்திருந்தால் நமக்கு அகராதி கிடைத்திருக்காது. கல்லறைகள் மட்டுமே கிடைத்திருக்கும்.

கத்தி ஏன் எடுக்கப்படவில்லை? இரு பக்கத்தாரும் மென்மையானவர்கள் என்று சொல்வதற்கில்லை. ஏலாக்குறிச்சியின் பாதிரியாருக்கும் படை இல்லை. தஞ்சையின் உபதேசியாருக்கும் படை இல்லை. படை வைத்திருந்த மன்னருக்கு லுத்தரும் போப்பாண்டவரும் ஒன்றே.

நம்பிக்கையை ஈட்டிய ஒருவர்

இந்த நூற்றாண்டின் பிற்பகுதியில் தஞ்சையில் புராட்டஸ்டன்டுகளுக்குப் பெருமதிப்பு ஏற்பட்டது. அதற்குக் காரணம் சுவார்ட்ஸ் என்ற ஜெர்மானியப் பாதிரியார். 1750இல் தரங்கம்பாடிக்கு வந்தவர்; திருச்சிராப்பள்ளியில் பணியாற்றியபின் 1778 முதல் தஞ்சையில் வாழ்ந்தவர். தமிழோடு பாரசீகமும் இந்துஸ்தானியும் மராத்தியும் அறிந்தவர். 1779இல் சென்னை ஆங்கில அரசு மைசூர் ஹைதர் அலியிடம் பேசுவதற்கு இவரையே ஸ்ரீரங்கப்பட்டணத்துக்கு அனுப்பியது. ஆங்கிலேயரை நம்பாத ஹைதர் இந்தப் பாதிரியாரின் சொல்லை நம்பினார். அடுத்த ஆண்டு போர் மூண்டபோதும் இவரைத் தடுக்க வேண்டாம் என்று தம் படைக்குக் கட்டளையிட்டார்.

தஞ்சை மன்னர் துளஜாஜி, தாம் தத்தெடுத்த இளவரசர் சரபோஜியைச் சுவார்ட்சின் கண்காணிப்பில் ஒப்படைத்தார். சரபோஜி இந்துவாகவே வாழ்ந்து 1832இல் மறைந்தார். ஆனால் 1798இல் இறந்த தம் ஆசானுக்குத் தஞ்சைத் தேவாலயத்தில் சலவைக்கல் நினைவுச்சின்னம் அமைத்தார். மாற்றுச் சமயத்தாரின் நெஞ்சில் இடம்பெறும் வழி நேர்மையான நடத்தை என்பதை அந்தக் கல் சொல்கிறது. தம் சபைக்குப் பெருமை சேர்த்தவர், மறுசபையைத் தோற்கடித்தவர் அல்லர். சொன்ன சொல் தவறாதவர்.

1799இல் தஞ்சையின் ஆட்சி ஆங்கிலக் கம்பெனியிடம் சென்றது. இங்கிலாந்தில் 1829 வரை கத்தோலிக்கர் நாடாளுமன்றத்தில் அமர முடியாது. ஆயினும் தஞ்சையில் கம்பெனியார் கத்தோலிக்கரை ஒடுக்க முற்படவில்லை. வரி வசூல்தான் அவர்களுக்கு முதன்மை.

கத்தோலிக்கரின் இன்னல் வேறு திசையிலிருந்து வந்தது. அவர்களுடைய முக்கியப் பணியாளர்களான இயேசு சபையை 1773இல் போப்பாண்டவரே கலைத்துவிட்டார். அதன்பின் போர்த்துக்கீசிய மன்னரின் பழைய உரிமையில் வந்த கோவாக் குருமாருக்கும், ரோமாபுரி நேரடியாக அனுப்பிய பிரெஞ்சுக் குருமாருக்கும் இடையே யாருக்கு எந்தக் கோயில் என்ற வழக்கு மூண்டது. 1886இல் போர்த்துக்கல்லும் ரோமாபுரியும் ஒப்பந்தம் செய்த பிறகும், தஞ்சை நாட்டுக் கோயில்கள் இரு வெவ்வேறு நிர்வாகங்களின் கீழ் இருந்தன. கும்பகோணம் மறைமாவட்டம் 1899இலும், மயிலாப்பூரிலிருந்து பிரிந்த தஞ்சாவூர் மறைமாவட்டம் 1952இலும் தோன்றின. ஒரே திருத்தந்தையை ஏற்றவர்களையும் கொடிகள் பிரித்தே வைத்தன.

இரு சபையிலும் நின்ற ஒரே சுவர்

இந்த வரலாற்றில் நம்மை மிகவும் சிந்திக்க வைப்பது இனி வருவதுதான். கத்தோலிக்கரும் லுத்தரன்களும் எத்தனையோ கோட்பாடுகளில் மோதினர். சாதி என்ற ஒன்றில் மட்டும் இருவரும் ஒரே இடத்தில் நின்றனர்.

முன்பு சொன்ன ராஜநாயக்கன் தாழ்த்தப்பட்ட சமூகத்தில் பிறந்தவர். லுத்தரன் சபையில் 1733இல் குருப்பட்டம் பெற்ற முதல் தமிழரான ஆரோன் வேளாளர். அடுத்த குருவை 1741இல் தேர்ந்தெடுத்தபோது ராஜநாயக்கனின் பெயரும் எண்ணிப் பார்க்கப்பட்டது. உயர்சாதிக் கிறிஸ்தவர் அவர் கையால் திருவிருந்து பெற மாட்டார்கள் என்ற அச்சத்தால் அவர் விடப்பட்டார். தியாகு என்பவருக்கு அப்பட்டம் வழங்கப்பட்டது. தம் சபைக்காகப் பழைய சபையின் பகையைச் சுமந்தவரை, அந்தப் புதிய சபையே வாசலில் நிறுத்தியது.

1833இல் ஆங்கிலிக்கன் பேராயர் டேனியல் வில்சன், சபைக்குள் சாதி வேறுபாடு முற்றிலும் ஒழிய வேண்டும் என்று கட்டளை பிறப்பித்தார். தஞ்சைச் சபையில் பெரும் கொந்தளிப்பு எழுந்தது. சரபோஜியின் அவையில் இருந்த புகழ்பெற்ற கவிஞர் வேதநாயக சாஸ்திரியார் முதலியோர் சாதி வழக்கங்களுக்காக அதற்கு முன்பே வாதாடி வந்தனர். 1840களில் லுத்தரன்களான லைப்சிக் மிஷனரிகள் வந்தபோது, அவர்கள் சாதி வழக்கங்களில் கடுமை காட்டாததால், மனம் கசந்த பலர் ஆங்கிலிக்கன் சபையை விட்டு அங்கே சென்றனர். ஒரு சபையிலிருந்து மற்றொரு சபைக்கு மாற லுத்தரின் போதனை காரணமாகவில்லை. யார் பக்கத்தில் யார் அமர்வது என்பதே காரணமாயிற்று.

கத்தோலிக்கரிடமும் இதே கதை. நெல்லைச் சீமையின் வடக்கன்குளத்தில் கோயிலுக்குள்ளேயே சாதிகளைப் பிரிக்கும் சுவர் இருந்தது. 1910இல் அச்சுவர் இடிக்கப்பட்டபோது, மீண்டும் கட்ட வேண்டும் என்று கோரி வழக்குத் தொடுத்தனர். அவ்வழக்கு சென்னை உயர் நீதிமன்றம் வரை சென்றது. தொழுமிடத்தில் சுவர் வேண்டுமா வேண்டாமா என்பதை நீதிபதிகள் சொல்ல வேண்டியதாயிற்று.

அயர்லாந்தும் தஞ்சையும்

இதே கத்தோலிக்க, புராட்டஸ்டன்டுப் பிளவு அயர்லாந்தில் எங்கே கொண்டுபோய் விட்டது என்பதை உலகம் அறியும். 1690இல் பாய்ன் ஆற்றங்கரையில் புராட்டஸ்டன்டு மன்னர் வில்லியம் வென்ற பிறகு, கத்தோலிக்கரின் நில உரிமையையும் பதவி உரிமையையும் சட்டங்கள் பறித்தன. 1921இல் அத்தீவு இரண்டாகப் பிரிக்கப்பட்டது. வடபகுதியின் ஆட்சி 1972 வரை புராட்டஸ்டன்டுப் பெரும்பான்மையின் கையிலேயே இருந்தது. 1960களில் கத்தோலிக்கர் தெருவில் இறங்கியபோது, அவர்கள் கேட்டது உள்ளாட்சியில் நியாயமான வாக்குரிமை, அரசு வீடுகளில் நியாயமான பங்கு, வேலை. திருவிருந்துக் கோட்பாட்டைப் பற்றி எவரும் அங்கே பேசவில்லை. அதற்குப் பின்னான முப்பது ஆண்டுகளில் ஏறத்தாழ 3,500 உயிர்கள் போயின. 1998 ஏப்ரல் 10 அன்று, ஆட்சியில் இருதரப்பாருக்கும் பங்களிக்கும் உடன்பாடு ஏற்பட்ட பிறகே தணிவு வந்தது.

காவிரிக் கரை அயர்லாந்து ஆகவில்லை. இருதரப்பாரும் இங்கே சிறுபான்மையினர். ஒருவருடைய நிலத்தையோ பதவியையோ மற்றவர் சட்டத்தால் பறிக்கும் நிலை அவர்களுக்கு இருந்ததில்லை. மொழியும் உறவுமுறையும் வயலும் வாய்க்காலும் பொதுவாக இருந்தன. கோட்பாட்டு வேறுபாடு இரு நாட்டிலும் ஒன்றே. வாள் யார் கையில் இருந்தது என்பதே வேறு.

நம் வாசல்

இனி நம் ஊருக்கு வருவோம். பிறை பார்ப்பதில் கருத்து வேறுபட்டு ஒரே தெருவில் இரண்டு நாட்கள் பெருநாள் கொண்டாடுவது நமக்குப் புதிதன்று. தராவீஹின் ரக்அத் எண்ணிக்கை, மவ்லூது, தர்கா ஜியாரத் என்று விவாதங்கள் உள்ளன. இவற்றில் எது சரி என்று கூறுவது உலமாக்களின் பணி, இக்கட்டுரையின் பணியன்று. ஆதாரத்தோடும் அதபோடும் எழுதிப் பேசி விவாதிப்பதால் ஒரு சமுதாயம் அழிவதில்லை. வீரமாமுனிவரும் தரங்கம்பாடியாரும் எழுதிய மட்டில் யாருடைய வீடும் எரியவில்லை.

ஆபத்து வேறிடத்தில் இருக்கிறது. நிக்காஹ் பதிவேடு, மையவாடி, பள்ளிவாசல் சாவி ஆகிய மூன்றும் ஒரு தரப்பின் ஆயுதங்களாக மாறும்போது நாமும் டச்சுக்காரரின் தோம்பைக் கையில் எடுக்கிறோம். மாற்றுக் கருத்துடையவரின் நிக்காஹைப் பதிய மறுப்பது, ஜனாஸாவை மையவாடி வாசலில் நிறுத்துவது, பள்ளிக்குப் பூட்டுப் போடுவது ஆகியவை எங்கேனும் நடக்கும்போது அடுத்து வருவது என்ன? காவல் நிலையத்தில் இரு தரப்பும் எதிரெதிர் பெஞ்சுகளில் அமர்கின்றன. கோட்டாட்சியர் அலுவலகத்தில் அமைதிப் பேச்சுவார்த்தை நடக்கிறது. நம் தொழுகையைப் பற்றி ஏதும் அறியாத ஓர் அலுவலர் யார் எத்தனை மணிக்குத் தொழலாம் என்று தாளில் எழுதிக் கையொப்பம் கேட்கிறார். அவரைக் குறை சொல்ல நமக்கு உரிமையில்லை. அந்த நாற்காலியை இழுத்துப் போட்டவர்கள் நாமே.

ஆட்சியாளர் நம் தரப்புக்குச் சாதகமாக இருந்தால் மற்றத் தரப்பை அடக்கிவிடலாம் என்ற எண்ணமும் சிலரிடம் எழக்கூடும். கட்டாயத்தால் நிரம்பிய யாழ்ப்பாணத்துப் பதிவேடு ஆட்சி மாறியதும் எப்படிக் கரைந்தது என்பதை அவர்கள் நினைக்கட்டும்.

இன்னொரு கேள்வியும் உண்டு. கத்தோலிக்கரும் லுத்தரன்களும் வாதிட்டுக் கொண்டே சாதிச் சுவரைத் தொடாமல் விட்டதைப் போல, நம் தரப்புகள் எல்லாம் ஒன்றுபட்டு விட்டுவைத்த சுவர் எதுவும் இல்லையா? தொழுகை வரிசையில் தோளோடு தோள் நிற்கிறோம். பெண் கொடுக்கும்போது குடும்பப் பெருமையும் ஊர்ப் பெருமையும் பார்க்கிறோம். இஸ்லாத்தைப் புதிதாக ஏற்றவரை ஆரத் தழுவி வரவேற்கிறோம்; அவர் மகனுக்கு மணமகள் தேடும்போது அதே கைகள் எத்தனை நீள்கின்றன? கைக்கூலி வாங்குவதில் எந்தத் தரப்புக்கும் எந்தத் தரப்போடும் பெரிய வேறுபாடு இல்லாத ஊர்களை நாம் அறிவோம். மாற்றுக் கருத்தாரின் பிழையைக் காண்பது எளிது. இருவரும் சேர்ந்து செய்யும் பிழையைக் காண்பதே அரிது.

திருக்குர்ஆனின் ஸூரத்துல் ஹுஜுராத்தில் இறைநம்பிக்கையாளர் அனைவரும் சகோதரர்களே என்று உணர்த்தும் வசனம் நமக்கெல்லாம் மனப்பாடம். அதற்கு நேர் முந்திய வசனத்தை நாம் அந்த அளவு நினைப்பதில்லை. நம்பிக்கையாளர்களில் இரு கூட்டத்தார் சண்டையிட்டுக் கொள்ளக்கூடும் என்பதை அது முன்கூட்டியே எடுத்துக்கொண்டு, அவர்களுக்கிடையே நீதியோடு சமாதானம் செய்து வைக்கும் பொறுப்பை மற்ற நம்பிக்கையாளர்கள் மீது சுமத்துகிறது. பிணக்கு வரலாம்; தீர்ப்பு நம் வீட்டுக்குள்ளேயே, நீதியோடு அமைய வேண்டும் என்பதே அங்குள்ள வழிகாட்டல். ஒவ்வொரு ஜமாஅத்திலும் இரு தரப்பாரும் மதிக்கும் நான்கு பெரியவர்கள் இருந்து, பதிவேடும் மையவாடியும் எவருக்கும் மறுக்கப்படாது என்று முதலில் உறுதி செய்துவிட்டால், எஞ்சிய விவாதங்கள் விவாதங்களாகவே இருக்கும்.

அடுத்த முறை நாகூருக்கோ காரைக்காலுக்கோ செல்லும்போது, நேரம் இருந்தால் தரங்கம்பாடியில் சற்று இறங்குங்கள். அலை வந்து மோதும் அந்தக் கோட்டையைப் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். கொடிகள் எல்லாம் இறங்கிவிட்டன. டேனியர் 1845இல் ஊரை ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டுச் சென்றனர். அங்கு ஒரு விதவையின் கடன் வழக்கு எப்படிச் சிறைக்கதவு வரை சென்றது என்பதையும், ராஜநாயக்கன் என்ற மனிதர் இரு சபைகளிலும் எப்படி வாசலில் நின்றார் என்பதையும் அவர்களுக்குச் சொல்லுங்கள்.

நம் உள்ளங்களை ஒன்றுபடுத்தி, நம் பிணக்குகளை நீதியோடு தீர்த்துக்கொள்ளும் பக்குவத்தை அல்லாஹ் நமக்கு அருள்வானாக. ஆமீன்.